விண்வெளி நிலையமும் ஆறு மீன்களும்

நம் நாட்டுக்காரர் ஒருவர் பன்னாட்டு விண்வெளி நிலையத்தில் தங்கியிருந்த நாட்களில், மைசூரில் எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பின் மொட்டை மாடியில் ஒரு மாலை நாற்பது பேர் கூடினோம். மழை சற்று விட்டிருந்தது. தென்மேற்கில் ஒரு வெள்ளைப் புள்ளி கிளம்பி, சத்தமில்லாமல், கண் சிமிட்டாமல், வானத்தின் குறுக்கே போய் மேகத்துக்குள் மறைந்தது. மொத்தம் நாலு நிமிடம். எல்லோரும் கைதட்டினார்கள். இரண்டு பேர் கையசைத்தார்கள். குடியிருப்போர் சங்கத்தின் செயலாளர் அம்மாள் எவர்சில்வர் டப்பாவில் கொண்டுவந்திருந்த கேசரிபாத்தை எல்லோருக்கும் கரண்டியால் எடுத்துக் கொடுத்தார்.

அந்தப் புள்ளிக்குள் அப்போது பதினொரு பேர் இருந்தார்கள். அவர்கள் குடிக்கும் தண்ணீரில் பெரும் பங்கு அவர்களுடைய சிறுநீரிலிருந்தும் வியர்வையிலிருந்தும் மூச்சின் ஈரத்திலிருந்தும் வடித்தெடுத்தது. இது எனக்குத் தெரியும். கையில் கேசரிபாத் இருந்ததால் சொல்லவில்லை. மூன்று மாதம் கழித்துச் சொன்னேன். அப்போதும் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

நான் ஒரு தமிழ் நாளிதழின் செய்தி மேசையில் இருபத்தெட்டு ஆண்டுகள் உட்கார்ந்தவன். வெளிநாட்டு ஏஜென்சிச் செய்திகளைத் தமிழாக்கிச் சுருக்குவது வேலை. விண்வெளி நிலையங்கள் என் மேசைக்கு வந்ததெல்லாம் ஏதாவது எரிந்தபோதும் மோதியபோதும் விழுந்தபோதும்தான். ரஷ்யர்களின் மிர் நிலையத்தில் ஆக்சிஜன் உருளை தீப்பிடித்தது முதல் பக்கம். அதே ஆண்டு சரக்குக் கலம் ஒன்று வந்து அதன் பக்கவாட்டில் இடித்தது, அதுவும் முதல் பக்கம். பிறகு அதைப் பசிபிக் கடலில் இறக்கியபோது படத்தோடு போட்டோம். எனக்கு முன் அந்த மேசையில் இருந்தவர்கள், உலகின் முதல் நிலையத்தில் மூன்று வாரம் குடியிருந்த மூவரும் திரும்பும் வழியில் காற்றுக் கசிந்து இறந்ததைப் போட்டிருக்கிறார்கள். அமெரிக்கர்களின் ஸ்கைலேப் மேலே போகும்போதே வெப்பக் கவசமும் ஒரு சூரியத் தகடும் பிய்ந்துபோக, வீரர்கள் உள்ளிருந்தபடியே ஒரு குடையை வெளியே விரித்து நிழல் உண்டாக்கிக் குடியேறினார்கள். ஆறு ஆண்டு கழித்து அது விழப்போகிறது என்றதும் நம் ஊர்களில் பலர் தங்கள் தலையில்தான் விழும் என்று நம்பினார்கள். விழுந்தது ஆஸ்திரேலியாப் பக்கம்.

இடைப்பட்ட நாட்களில் அங்கே என்ன நடந்தது என்று யாரும் கேட்டதில்லை. கழிவறை வேலை செய்தது, தண்ணீர் சுத்தமாக வந்தது என்பதெல்லாம் செய்தியல்ல. இருபத்தைந்து ஆண்டுகளாக அந்தப் புள்ளியில் ஒரு நாள்கூட ஆளில்லாமல் இருந்ததில்லை. அங்குள்ளவர்களின் நாளில் பெரும்பகுதி வடிகட்டி மாற்றுவதிலும் பம்பு பழுதுபார்ப்பதிலும் போகிறது. இது ஏஜென்சிச் செய்தியின் கடைசிப் பத்தியில் வரும். இடம் போதாவிட்டால் நாங்கள் கடைசிப் பத்தியைத்தான் வெட்டுவோம்.

எங்கள் குடியிருப்பில் நாற்பத்தெட்டு வீடுகள். கீழ்த்தளத்தில், கார்கள் நிற்கும் இடத்துக்குப் பின்னால், கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையம். எல்லோரும் அதை எஸ்டிபி என்பார்கள், பெரும்பாலும் மூக்கைச் சுளித்துக்கொண்டு. வீடுகளின் கழிவுநீர் நாலு தொட்டிகளில் ஏறி இறங்கி, காற்றூதும் ப்ளோயர்களின் உதவியால் அதற்குள் வாழும் பாக்டீரியாக்களால் தின்னப்பட்டு, மணல் வடிகட்டி கடந்து, கழிவறைத் தொட்டிகளுக்கும் தோட்டத்துக்கும் திரும்பிப் போகிறது. இதை இயக்குகிற ஊழியர், சங்கத்தின் பேச்சில் 'இயக்குநர்', தமிழ்நாட்டு எல்லையோர ஹனூர்ப் பக்கத்துத் தமிழர், நாற்பது வயது. வேலையோடு சேர்ந்தது ப்ளோயர் அறையை ஒட்டிய ஒற்றை அறை. அதில் அவரும் மனைவியும் மகளும் இருந்தார்கள். மகள் இரண்டு தெரு தள்ளி ஒரு பள்ளியில் எட்டாம் வகுப்பு. நான் தமிழில் கேட்டால் கன்னடத்தில் பதில் சொல்வாள்.

தமிழ்ப் பேச்சுக்காக ஆரம்பத்தில் கீழே போனேன். போகப்போக விண்வெளி நிலையத்தைப் பற்றி அவரிடம் சொல்வது வழக்கமாயிற்று. என் வாழ்நாளில் கடைசிப் பத்தியில் அக்கறை காட்டிய ஒரே வாசகர் அவர்.

"நம்முளுதுல சகதி தானாக் கீழ எறங்கிக்குதுங்க. அங்க எடையே இல்லைங்கறீங்க. அப்ப எப்படிங் எறங்கும்?" என்றார்.

இறங்காது, தண்ணீரும் காற்றும்கூடப் பிரியாது, அதனால் சிறுநீரை ஒரு உருளைக்குள் சுழற்றியபடியே ஆவியாக்கிப் பிரிக்கிறார்கள் என்றேன். முதலில் அந்த இயந்திரம் அடைத்துக்கொண்டதையும் சொன்னேன். பூமியில் சோதித்தது பூமியில் இருப்பவர்களின் சிறுநீரை. மேலே போனவர்களுக்கு எலும்பு தேய்ந்து, அந்தச் சுண்ணாம்புச் சத்து சிறுநீரில் வந்து, படிந்து, இயந்திரத்தை நிறுத்திவிட்டது.

அவர் சிரிக்கவில்லை. "அப்படித்தானுங் ஆகும். மெசினப் பாத்து மெசினு பண்ணக்கூடாது, ஆளப் பாத்துப் பண்ணோணும்," என்றார். கொஞ்சம் யோசித்துவிட்டு, "ஏனுங் சார், அங்க பண்டிகையெல்லாம் உண்டுங்களா?" என்று கேட்டார்.

ஏன் கேட்டார் என்பது தசராவில் புரிந்தது.

ஆயுத பூஜைக்கு முந்தின நாள் மைசூரில் கழுவாத பொருள் கிடையாது. ஸ்கூட்டர், கார், மிக்ஸி, கிரில் கேட் எல்லாம் கழுவி, கடைசியில் குளியலறைக்கு வருவார்கள். நாற்பத்தெட்டு வீடுகளிலும் அன்று ஆசிட் ஊற்றித் தேய்த்தார்கள். என் வீட்டில் ஊற்றியவன் நான்தான். இரண்டு புட்டி. சுத்தம் செய்துவிட்ட திருப்தியோடு குளித்துவிட்டுச் செவ்வந்திப் பூ வாங்கப் போனேன்.

நாங்கள் ஊற்றியதெல்லாம் ஒரே மதியத்தில் கீழே போய்ச் சேர்ந்து பாக்டீரியாக்களைக் கொன்றது. விஜயதசமியன்று, ஊரே யானை பார்க்கப் போயிருந்தபோது, எங்கள் கீழ்த்தளத்திலிருந்து நாற்றம் கிளம்பியது. மறுநாள் கழிவறைத் தொட்டிகளில் தண்ணீர் சாம்பல் நிறத்தில் வந்தது. ஊர்வலம் பார்த்துத் திரும்பிய உறவினர்கள் எல்லா வீடுகளிலும் இருந்தார்கள். மானம் போயிற்று.

மானம் போன நாற்பத்தெட்டுக் குடும்பங்களுக்கும் பழிபோட ஒரு ஆள் தேவைப்பட்டது. ஆள் கீழேதான் இருந்தார்.

செயலாளர் அம்மாள் மேல்கோட்டையில் வேர் உள்ள ஸ்ரீவைஷ்ணவக் குடும்பம். கணக்கு ஆசிரியையாக இருந்து ஓய்வுபெற்றவர். எதையும் பாதியில் விடமாட்டார். சங்கத்தின் பொதுக்குழுவைத் தீபாவளிக்கு முந்தின ஞாயிறு கூட்டுவது என்றும், நிலையத்தை மூடிவிட்டுக் கழிவைத் தெருவுக்கு வந்துவிட்ட மாநகராட்சிச் சாக்கடையில் இணைப்பது என்றும் தீர்மானம் எழுதினார். கடைசி வரி: இயக்குநரின் பணி தேவையில்லை.

தீர்மானத்தைப் பலகையில் ஒட்டிய அன்று கீழே போனேன். அவர் வாளியில் சாணியையும் வெல்லத்தையும் கரைத்துத் தொட்டியில் ஊற்றிக்கொண்டிருந்தார். செத்த பாக்டீரியாவுக்குப் பதில் புதிதாக வளர்ப்பதற்கு.

"பத்து நாள்ல சரியாப் போயிருமுங்க," என்றார். "ஆனாப் பத்து நாள்ல நானிருப்பனானுதான் தெரியல. பாப்பாளுக்குப் பாதி வருசம் ஓடிப்போச்சு. இப்ப ஊருக்குப் போனா எந்தப் பள்ளிக்கூடத்துல சேத்துக்குவாங்க?"

"ஆசிட் ஊற்றியதுதான் காரணம் என்று சொன்னீர்களா?"

"நாப்பத்தெட்டு வீட்டுலயும் போய்ச் சொல்றதுங்களா? நீங்க ஊத்துனதுதான் நாறுதுன்னு?" அவர் என்னைப் பார்த்த பார்வையில் என் இரண்டு புட்டிகளும் அவருக்குத் தெரியும் என்று தோன்றியது. "நீங்க பேப்பர்ல இருந்தவரு. நீங்க எழுதுனா நம்புவாங்க."

எழுதினேன். அன்று நான் செய்த தவறு ஒரு பத்திரிகைக்காரனால் மட்டுமே செய்யக்கூடியது. எங்கள் மேசையில் கற்றுக்கொடுத்த முதல் விதி, மிக முக்கியமான தகவலை முதல் வாக்கியத்தில் வை என்பது. நான் வைத்தேன். "விண்வெளி நிலையத்தில் இருப்பவர்கள் தங்கள் சிறுநீரைச் சுத்திகரித்துக் குடிக்கிறார்கள்" என்று ஆங்கிலத்திலும் கன்னடத்திலும் தொடங்கியது என் அறிவிப்பு. இரண்டாவது பத்தியில் நம் நிலையமும் அதே தத்துவத்தில்தான் இயங்குகிறது, ஆனால் அதன் நீர் கழிவறைக்கும் தோட்டத்துக்கும் மட்டுமே போகிறது என்றிருந்தது. மூன்றாவதில் பாக்டீரியா. நான்காவதில் ஆசிட். மறுநாள் விடிந்ததும் குடியிருப்பின் வாட்ஸ்அப் குழுவில் போட்டேன்.

வாட்ஸ்அப்பில் நீளமான செய்தி முதல் சில வரிகளோடு நின்று, மீதியைப் படிக்க வேண்டுமானால் அழுத்து என்கிறது. யாரும் அழுத்தவில்லை. சாயங்காலத்துக்குள் எஸ்டிபி தண்ணீரைச் சமையலறைக் குழாயில் விடப்போகிறார்கள் என்று மூன்றாவது மாடி வரைக்கும் செய்தி போயிருந்தது. ஐந்தாவது மாடிக்குப் போகும்போது அது ஏற்கெனவே விட்டாயிற்று என்று மாறியிருந்தது. ஒரு வீட்டில் அன்று சாயங்காலக் காபியைக் கொட்டிவிட்டார்கள்.

செயலாளர் அம்மாள் என்னை லிஃப்டில் பிடித்தார். "என்ன சார் எழுதியிருக்கேள்? காலங்கார்த்தால தளிகை பண்ற நேரத்துல படிக்கிற விஷயமா இது?"

"ஜூலையில் நாம் எல்லோரும் கைதட்டினோமே, அவர்களும் அதைத்தான்..."

"அவா ஆகாசத்துல என்ன வேணா பண்ணட்டும். அங்க மடி ஆசாரம் பாக்க முடியாது, வேற வழியில்லை. நமக்கு என்ன வந்துது? காவேரி பக்கத்துல ஓடறா, அல்வா?"

'அல்வா' என்றால் கன்னடத்தில் 'இல்லையா'. விண்வெளி நிலையத்துக்குப் பக்கத்தில் காவிரி ஓடவில்லை என்பது உண்மை.

ஆனால் அவர் கணக்கு ஆசிரியை. தீர்மானத்துக்கு ஆதாரம் வேண்டும் என்று நினைத்தார். மறுநாள் காலை பதினொரு மணிக்குக் கீழ்த்தளத்தை ஆய்வு செய்யப்போவதாகவும், நான் கூட வந்து குறிப்பெடுக்க வேண்டும் என்றும் சொன்னார். சங்க நிர்வாகிகளில் ஒருவர் அந்தக் கதவைத் தாண்டுவது அதுதான் முதல் தடவை.

மூக்கில் புடவைத் தலைப்பை வைத்துக்கொண்டு வந்தவர், நாலு தொட்டிகளையும் பார்த்துவிட்டு, மூலையில் பாதியாக அறுத்த நீல பிளாஸ்டிக் பீப்பாயின் முன்னால் நின்றார். சுத்திகரித்த நீர் ஒரு குழாயில் மெல்ல விழுந்து மறுபக்கம் வழிந்துகொண்டிருந்தது. உள்ளே ஆறு கெண்டை மீன்கள்.

"இது என்ன?"

"மீனுங்கம்மா. ஊர் ஏரியிலிருந்து புடிச்சுட்டு வந்தது."

"எதுக்கு?" குரல் மாறிவிட்டது. எங்கள் குடியிருப்பில் சங்க விதி ஒன்று பொதுவிடங்களில் அசைவம் கூடாது என்கிறது. அதை எழுதியவர் அவர்.

"ஐயோ, திங்கறதுக்கில்லீங்க. தண்ணி பாக்கறதுக்குங்க. ரிப்போர்ட்டு மாசத்துக்கொருக்காத்தான் வரும். மீனு அன்னன்னைக்குச் சொல்லிரும். தண்ணி கெட்டா மேல வந்து வாயத் தொறக்கும். இன்னும் கெட்டாச் செத்துரும்." அவர் பீப்பாயைப் பார்த்தார். "பத்து இருந்துச்சுங்க. ஆசிட்டு வந்தன்னிக்கு நாலு போச்சு."

அம்மாள் குனிந்து மீன்களை எண்ணினார். தலைப்பு மூக்கிலிருந்து இறங்கிவிட்டிருந்தது.

"நாலு ஜீவன் போச்சா? நாங்க பாத்ரூம் அலம்பினதுலயா?"

"ஆமாங்க."

"நான் ஊத்தினதுலயா?"

"எல்லாரும் ஊத்துனாங்கம்மா. இன்ன வீட்டு ஆசிட்டுலதான் செத்துச்சுன்னு எப்படிங் சொல்றது?"

நான் குறிப்பேட்டில் பார்வையை வைத்துக்கொண்டேன். பாக்டீரியாக்கள் எண்ணிலடங்காமல் செத்திருந்தன. அவற்றைப் பற்றி நான் எழுதியதை யாரும் படிக்கவில்லை. நாலு மீனுக்கு ஒரு தலைப்புச் செய்தியின் வலிமை இருந்தது.

மறுநாள் காலை அம்மாள் ஒரு டப்பாவில் பொரி கொண்டுவந்தார். கோயில் குளத்தில் மீன்களுக்குப் போடுவதுபோல ஒரு பிடி எடுத்துப் போட்டார். அதற்கடுத்த நாள் பக்கத்து வீட்டம்மாளும் வந்தார். வார இறுதிக்குள் கார் எடுக்க வருகிறவர்கள் எல்லோரும் மீன் பார்த்துவிட்டுத்தான் போனார்கள். நாற்றத்தைப் பற்றிப் பேச்சு வரவில்லை. வெல்லமும் சாணியும் வேலை செய்து, நாற்றமும் போயிருந்தது. லிஃப்டுக்குப் பக்கத்தில் அம்மாள் கையெழுத்தில் ஒரு தாள்: "ஆசிட் ஊற்றாதீர்கள். கீழே மீன்கள் இருக்கின்றன." நான்கு பத்தியில் நான் சொல்லத் தவறியது அதில் இரண்டு வரியில் இருந்தது.

இயக்குநர் மட்டும் சந்தோஷமாக இல்லை. பொரி ஊறி அழுகிப் பீப்பாய்த் தண்ணீர் தினமும் கலங்கியது. "பொரி போடாதீங்கன்னு சொன்னா வேலை போயிரும். சொல்லலீன்னா மீனு போயிரும். எதச் சொல்றதுங் சார்?" என்றார். கடைசியில் ஒரு வழி கண்டுபிடித்தார். பொரியை எல்லோரும் அவரிடம் கொடுப்பது, மாலை நாலு மணிக்கு எல்லோர் சார்பிலும் அவர் ஒரே ஒரு பிடி போடுவது. மீதியை அவர் மகள் தின்றாள் என்று நினைக்கிறேன்.

பொதுக்குழு ஞாயிறு காலை பத்தரைக்கு விழா அரங்கில் கூடியது. தலைவர் கன்னடக்காரர், வங்கியில் இருந்தவர், சென்னையில் நாலு வருடம் வேலை பார்த்ததால் என்னிடம் தமிழில் பேசுவார். கூட்ட நடவடிக்கையை எழுதும் பொறுப்பை என்னிடம் கொடுத்தார். "நோடி, பாருங்க சார், இந்தத் தடவை சிம்பிளா எழுதுங்க. ஸ்பேஸ் வேண்டாம்," என்றார்.

தீர்மானம் படிக்கப்பட்டது. நிலையத்தை மூடுவதற்கு எதிராக யாரும் பேசவில்லை. அதற்கு ஆதரவாகவும் யாரும் பேசவில்லை. இரண்டாவது மாடி எழுந்து, அப்படியானால் மீன்கள் எங்கே போகும் என்று கேட்டது. அதற்குப் பிறகு முக்கால் மணி நேரம் மீனைப் பற்றியே நடந்தது. ஏரியில் விடலாம் என்றார் ஒருவர். ஏரியில் நாரைகள் இருக்கின்றன. நஞ்சன்கூட்டில் கபிலா ஆற்றில் விடலாம் என்றார் இன்னொருவர். நஞ்சன்கூட்டில் யாராவது பிடித்துக் குழம்பு வைத்துவிட மாட்டார்கள் என்பதற்கு என்ன உத்தரவாதம் என்றார் செயலாளர் அம்மாள். மாடியில் கண்ணாடித் தொட்டி வைத்துக் குழாய்த் தண்ணீரில் வளர்க்கலாமே என்று ஒரு குரல் வந்தது.

கதவோரம் நின்றிருந்த இயக்குநரைத் தலைவர் கூப்பிட்டுக் கேட்டார். "ஏனப்பா, குழாய்த் தண்ணில மீன் இருக்குமா?"

எல்லோரும் கதவுப் பக்கம் திரும்பினார்கள். அவர் வேலையும், அறையும், மகளின் பாதி வருடமும் அந்தப் பதிலில் இருந்தன. அது அவருக்குத் தெரியும். எனக்கும் தெரியும். அந்த மீன்களை அவர் ஹனூர் ஏரியிலிருந்து பிளாஸ்டிக் பையில் பஸ்ஸில் கொண்டுவந்தார் என்பதும், வந்த முதல் வாரம் அவை குழாய்த் தண்ணீர் வாளியில்தான் நீந்தின என்பதும்கூட எனக்குத் தெரியும்.

"பழகுன தண்ணிங்க," என்றார் அவர். "மாத்துனாத் தாங்குமான்னு என்னால சொல்ல முடியலீங்."

சொன்னது பொய்யல்ல. ஒரு செய்தி மேசைக்காரனின் கடமை அந்த இடத்தில் ஒரு துணைக்கேள்வி கேட்பது. நான் கேட்கவில்லை. எனக்கு ஸ்கைலேப் ஞாபகம் வந்தது. அதில் இரண்டு மீன்களையும் கொஞ்சம் முட்டைகளையும் கொண்டுபோனார்கள். பூமியில் வளர்ந்த மீன்கள் மேல் கீழ் தெரியாமல் முதலில் வட்டமடித்துக்கொண்டே இருந்தன. அங்கேயே முட்டையிலிருந்து வந்த குஞ்சுகள் ஒழுங்காக நீந்தின. அவற்றுக்கு அதுதான் பழகிய தண்ணீர். இதைச் சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். தலைவர் என்னைப் பார்த்தார். மூடிக்கொண்டேன்.

தீர்மானம் கைதூக்கலுக்கு வந்தபோது அதைக் கொண்டுவந்தவரே கை தூக்கவில்லை. "மீனுக்காகத்தான். இல்லைன்னா எனக்கு ஒண்ணும் அபிப்பிராய பேதம் இல்லை," என்று அம்மாள் எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார். அந்தத் தண்ணீரைப் பற்றி ஒருவரும் மனம் மாறவில்லை. அது இன்றுவரை எஸ்டிபி தண்ணீர்தான், மூக்கைச் சுளிப்பதும் அப்படியேதான்.

வீட்டுக்கு வந்து நடவடிக்கைக் குறிப்பை எழுத உட்கார்ந்தேன். இருபத்தெட்டு ஆண்டுப் பழக்கத்தைத் தலைகீழாக்கினேன். தலைப்பு: மீன் பராமரிப்பு. முதல் வாக்கியம், ஆறு மீன்களின் நலனைப் பொதுக்குழு ஒருமனதாக வலியுறுத்துகிறது. இரண்டாவது, பொரி மாலை நாலு மணிக்கு மட்டும். மூன்றாவது, மீன்களைக் கவனிக்கத் தற்போதைய ஊழியர் அதே அறையில் தொடர்வார். அதற்கும் கீழே, எல்லாவற்றுக்கும் கடைசியில்: இதன் பொருட்டுச் சுத்திகரிப்பு நிலையம் வழக்கம்போல் இயங்கும், நீர் வழக்கம்போல் பயன்படுத்தப்படும். குழுவில் போட்டேன். முப்பத்தொன்பது பேர் கைகூப்பும் படம் அனுப்பினார்கள். யாரும் கடைசிப் பத்திவரை போகவில்லை என்று நிச்சயமாகச் சொல்வேன்.

சாயங்காலம் இயக்குநர் தன் கைப்பேசியோடு மேலே வந்தார். மகள் படித்துக் காட்டியிருக்கிறாள்.

"நம்ம பிளாண்ட்டக் கடைசியில போட்டுட்டீங்களே சார்."

"அங்கேதான் பத்திரமாக இருக்கும்."

அவர் தலையாட்டினார். ஆனால் போகவில்லை. "இன்னொண்ணுங். நாளைக்குத் தீவாளி. நாப்பத்தெட்டு வீட்டு எண்ணையும் சீயக்காயும் ஒரே காலைல எறங்கும். போன வருசம் மூணு நாளு ப்ளோயரு நொரையாக் கக்குச்சு. ஒரு நோட்டீசு எழுதிக் குடுங்க. ஆனா அந்த ஆகாசத்து சமாச்சாரம் வேண்டாமுங்."

உட்கார்ந்து ஒரே வரி எழுதினேன். அழுத்திப் படிக்க மீதி எதுவும் இல்லாத அளவுக்குச் சின்னதாக.

"மீன்களுக்கு எண்ணெய் ஆகாது."